நைனா நடத்திய விசாரணை

பறக்கிற ஆட்களை நைனாவுக்கு, அதாவது என் அப்பாவுக்கு, பிடிக்காது. வானத்திலிருந்து குதிப்பவன், கையை நீட்டினால் மின்னல் வருகிறவன், லாரியைத் தூக்கி எறிகிறவன் என்று யார் திரையில் வந்தாலும், துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வாசலுக்குப் போய்விடுவார். "இவனுக்கு இன்னா கஷ்டம்? ஒரு குத்து வுட்டா முடிஞ்சிபோச்சு" என்பார். அவருக்குப் பிடித்தது ஒரே ஒரு வகைதான். ஆள் முகமூடி போட்டிருக்க வேண்டும், ஆனால் விசேஷ சக்தி எதுவும் இருக்கக் கூடாது. கொலை நடந்த அறைக்குள் வர வேண்டும். போலீஸ்காரர்கள் முறைத்துக்கொண்டு நிற்க, இவன் மட்டும் குனிந்து தரையைப் பார்க்க வேண்டும். எங்கேயோ ஒட்டியிருக்கும் துளி மண்ணைத் தொட்டுப் பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் நிமிர வேண்டும். அந்த இடத்தில் நைனா நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொள்வார்.

தமிழில் குரல் கொடுத்த படங்களைத்தான் பார்ப்போம். முகமூடிக்காரன் அடித்தொண்டையில் பேசுவான். எப்போதும் மழை பெய்கிற ஊர். எங்கள் ஆம்பூரில் மழையை நினைத்துப் பார்க்கக்கூட முடியாத மே மாதத்தில், மின்விசிறிக்கு அடியில் வேர்த்துக்கொண்டே அந்த மழையைப் பார்ப்போம். சண்டைக் காட்சி வந்தால் நைனா பாத்ரூம் போய்விட்டு வருவார். திரும்பி வந்து, "அட்ச்சி முட்ச்சானா?" என்று கேட்டுவிட்டு உட்காருவார். சூப்பர் ஹீரோ படத்தைச் சண்டையை விட்டுவிட்டுப் பார்க்கும் மனிதர் உலகத்திலேயே இவர் ஒருவராகத்தான் இருப்பார் என்று என் மனைவி கிண்டல் செய்வாள்.

தோல் பதனிடும் டேனரியில் தோல்களைத் தரம் பிரிப்பது நைனாவின் வேலை. வாழ்க்கை முழுவதும் ஒரு ஜன்னல் ஓரத்து மேஜைக்கு முன்னால் நின்றார். தோல் வரும், விரிப்பார், கட்டை விரலால் தேய்ப்பார், உண்ணி கடித்த புள்ளி, முள்வேலிக் கீறல், சூட்டுக்கோல் தழும்பு எல்லாவற்றையும் பார்ப்பார். பிறகு கட்டாயம் திருப்பிப் போடுவார். மேல் பக்கத்தை எப்படி வேண்டுமானாலும் பளபளக்க வைத்துவிடலாம், உள்ளே கறி ஒட்டியிருந்த பக்கத்தை ஏமாற்ற முடியாது என்பது அவர் கணக்கு. படத்திலும் அதே முறைதான். நல்லவனாக ஒரு டாக்டரோ வக்கீலோ வந்து ஹீரோவின் தோளில் கையைப் போட்டால், "சின்னவனே, இவனத் திருப்பிப் பாரு" என்பார். பாதி நேரம் அவர் சொன்னது சரியாக இருக்கும். மீதி நேரம் கதை எழுதினவனுக்கு மூளை கம்மி என்று முடிவு செய்வார்.

சின்னவன் என்பது நான். எனக்கு முன்னால் ஒரு பெரியவன் இருந்தான். காலேஜ் சேர்ந்த வருஷம், பைபாஸ் ரோட்டில் லாரி மோதிப் போய்விட்டான். அதற்குப் பிறகு நைனா எங்கள் யாரிடமும் பேசவில்லை என்று சொன்னால் மிகை, ஆனால் பொய் இல்லை. சாப்பிட்டாயா, தூங்கு, விளக்கை அணை. இதற்கு மேல் எனக்கென்று அவரிடமிருந்து வார்த்தை வந்ததில்லை. நான் படித்தேன், ஷூ கம்பெனியில் சாம்பிள் பிரிவில் வேலைக்குச் சேர்ந்தேன், கல்யாணம் செய்துகொண்டேன், எல்லாவற்றுக்கும் அவர் வந்து நின்றார், அவ்வளவுதான். அம்மா போன பிறகு, அவரும் வேலையை விட்ட பிறகு, ஒரு ஞாயிற்றுக்கிழமை பொழுது போகாமல் நான் அப்படி ஒரு படத்தைப் போட்டேன். வாசலில் இருந்தவர் எட்டிப் பார்த்தார். உள்ளே வந்தார். உட்கார்ந்தார். படம் முடிந்ததும் என் முகத்தைப் பார்த்து முழுதாக ஒரு வாக்கியம் சொன்னார். "அந்த ஜட்ஜு மேல எனக்கு அப்பவே டவுட்டு சின்னவனே."

தாடி நரைக்கத் தொடங்கிய வயதில் எனக்கு அப்பா கிடைத்தார் என்றுதான் அதைச் சொல்ல வேண்டும். வாரம் முழுக்க ஞாயிற்றுக்கிழமைக்காகக் காத்திருப்பேன். "சின்னவனே, படத்தப் போடு" என்ற குரல் அறைக்குள்ளிருந்து வரும். கம்பெனியில் யாராவது ஞாயிறு வேலைக்குக் கூப்பிட்டால் எனக்குக் கோபம் தலைக்கேறும்.

மறதி எப்போது தொடங்கியது என்று டாக்டர் கேட்டபோது எனக்குச் சொல்லத் தெரியவில்லை. ஒரு முறை நாங்கள் முந்தின வாரம் பார்த்த படத்தையே தெரியாமல் மறுபடி போட்டுவிட்டேன். மாற்றப் போனேன். அவர் நாற்காலியை முன்னால் இழுத்துப்போட்டு உட்கார்ந்து, புதுப் படம் பார்ப்பதுபோலப் பார்த்தார். முடிவில் முகமூடிக்காரன் குற்றவாளியின் பெயரைச் சொன்னபோது ஆச்சரியப்பட்டார். நான் சிரித்தேன். கொடுத்து வைத்தவர், ஒரே படத்தை எத்தனை முறை வேண்டுமானாலும் முதல் முறையாகப் பார்க்கலாம் என்று மனைவியிடம் சொன்னேன். அவள் சிரிக்கவில்லை. அவள் அன்று காலை அவர் சமையலறைக்கு வழி கேட்டதைப் பார்த்திருந்தாள்.

வேலூரில் காட்டினோம். தலையைப் படம் எடுத்தார்கள், ரத்தம் எடுத்தார்கள், இன்று என்ன கிழமை என்று அவரிடம் கேட்டார்கள். அவர் அந்தக் கேள்வி கேட்ட டாக்டரம்மாவைப் பார்த்து, "உங்களுக்குத் தெரியலியாம்மா?" என்று பரிவோடு கேட்டார். வெளியே வந்ததும் டாக்டர் எனக்குச் சொன்னது சுருக்கமானது. நினைவில் பக்கத்தில் இருப்பது முதலில் போகும், தூரத்தில் இருப்பது கடைசியில் போகும். அன்றைக்கு அது எனக்குப் பெரிய விஷயமாகப் படவில்லை. பஸ்ஸில் வரும்போதுதான் யோசித்தேன். எனக்கும் அவருக்கும் இடையில் நடந்தது எல்லாமே பக்கத்தில்தான் இருந்தது. அதற்கு முன்னால் எங்களுக்குள் ஒன்றுமே இல்லை. அப்படியானால் முதலில் போகப் போகிறவன் நான்தான். ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு அழுதேன், பக்கத்தில் உட்கார்ந்திருந்த நைனா, "ஊருக்குப் போனா சரியாயிடும் சார்" என்று என் முதுகைத் தட்டினார்.

அந்த 'சார்' முதலில் எப்போதாவது வந்தது. பிறகு அதுவே என் பெயரானது. என் மனைவியை அவர் மறக்கவில்லை. மருமகள் என்று தெரியாவிட்டாலும் சோறு போடுகிற பெண் என்று தெரியும், "இன்னாம்மா, சாப்ட்டியா" என்பார். அவரோடு டேனரியில் வேலை செய்த பாய் ஒருவர் மாதம் ஒரு முறை பார்க்க வருவார். அவர் கேட்டைத் திறக்கும் சத்தம் கேட்டதுமே, "இன்னா பாய், ஆளையே காணோம்" என்று நைனா தெளிவாகக் கேட்பார். இருவரும் யாரோ ஒரு பழைய மேனேஜரைத் திட்டிக்கொண்டு டீ குடிப்பார்கள். நான் கதவோரம் நின்று பார்ப்பேன். பாய்மீது எனக்குப் பொறாமை வந்தது என்று எழுத வெட்கமாக இருக்கிறது, ஆனால் வந்தது.

எனக்கு வேண்டியது ஒன்றே ஒன்றுதான். அவர் கண்ணை மூடுவதற்குள் ஒரு தடவை, தெரிந்து, என்னைப் பார்த்து, சின்னவனே என்று கூப்பிட வேண்டும். இதை மனைவியிடம் சொன்னேன். "கூப்ட்டா இன்னா, கூப்டலன்னா இன்னா? தூக்கிக் குளிப்பாட்டுறது நீங்கதானே" என்றாள். அவள் சொன்னது நியாயம். ஆனால் நியாயத்தை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வது?

பிறகு விசாரணை தொடங்கியது. வீட்டில் ஒரு அந்நியன் இருக்கிறான், சாவி வைத்திருக்கிறான், அலமாரியைத் திறக்கிறான், யாரும் அவனைக் கேட்பதில்லை. இது நைனாவின் கண்ணில் பட்டுவிட்டது. இத்தனை படம் பார்த்தவர், குற்றவாளி வீட்டுக்குள்ளேதான் இருப்பான் என்று அவருக்குத் தெரியாதா? நான் கம்பெனியிலிருந்து வந்து செருப்பைக் கழற்றினால், அவர் மெதுவாக வந்து குனிந்து அடிப்பாகத்தைத் திருப்பிப் பார்ப்பார். நான் சாப்பிடும்போது எதிரில் உட்கார்ந்து எந்தக் கையால் தண்ணீர் எடுக்கிறேன் என்று கவனிப்பார். ஒரு நாள் என் சட்டைப் பையிலிருந்த கம்பெனி அடையாள அட்டையை எடுத்து, புகைப்படத்தையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார். "போட்டோ கரெக்டாத்தான் எட்த்துருக்காங்க" என்று திருப்பிக் கொடுத்தார். நான் நான்தான் என்பதில் அவருக்குச் சந்தேகம் இல்லை. நான் யார் என்பதுதான் வழக்கு.

"எந்த ஊரு சார் நீங்க?"

"இதே ஊருதான் நைனா."

"எங்க தங்கியிருக்கீங்க?"

"இங்கதான். உங்க வீட்லதான்."

"அதான் கேக்குறேன். யாரு வுட்டது?"

எனக்குக் கோபம் வரும். நான் பொறுமைசாலி இல்லை. ஒரு முறை எங்கள் கல்யாணப் போட்டோவைச் சுவரிலிருந்து கழற்றி அவர் மடியில் வைத்து, இது நீங்கள், இது அம்மா, இது நான் என்று காட்டினேன். அவர் நிதானமாகப் பார்த்தார். என் முகத்தின் மேல் கட்டை விரலை வைத்துத் தேய்த்தார். பிறகு படத்தைத் திருப்பிப் போட்டு பின்பக்க அட்டையைப் பார்த்தார். அதில் ஸ்டுடியோக்காரன் முத்திரையைத் தவிர ஒன்றும் இல்லை. "மேல் பக்கம் நல்லாத்தான் இருக்குது" என்றார். அதற்கு மேல் அவருக்கு அதில் ஆர்வம் இல்லை.

ஞாயிற்றுக்கிழமைகளில் படம் போடுவதை நான் விடவில்லை. மழை பெய்யும் ஊரும் முகமூடிக்காரனும் வந்தால் எங்காவது ஒரு இழை இழுபடும் என்ற நப்பாசை. அவர் இப்போது படத்தைப் பார்க்கவில்லை, படம் பார்க்கிற என்னைப் பார்த்தார். அப்படி ஒரு ஞாயிறு, படம் ஓடிக்கொண்டிருக்கும்போதே எழுந்து வந்து என் வலது கையைப் பிடித்தார். இழுத்து ஜன்னலண்டை கூட்டிக்கொண்டு போனார். வெளிச்சம் விழும்படி என்னை நிறுத்திச் சட்டைக் கையை மேலே மடித்தார். கட்டை விரலால் தோளிலிருந்து முழங்கை வரை அழுத்தித் தேய்த்துக்கொண்டே வந்தார். தோலை இழுத்துப் பார்த்தார். கையைத் திருப்பி உள்பக்கம் பார்த்தார்.

என் அப்பா என்னை இவ்வளவு நேரம் தொட்டதில்லை. அதற்காகவே நான் மூச்சு விடாமல் நின்றேன். கட்டை விரல் சொரசொரவென்று இருந்தது. கண்டுபிடித்துவிடுவார் என்று நான் நம்பினேன். இத்தனை வருஷம் ஆயிரக்கணக்கான தோலை ஜன்னலில் வைத்துப் படித்தவர், மகன் தோலைப் படிக்க மாட்டாரா?

கையை விட்டுவிட்டார். "இல்ல" என்றார்.

"இன்னா இல்ல நைனா?"

"சூடு இல்ல. எம் பையனுக்குச் சூடு இருக்கும்."

நான் அப்படியே ஜன்னல் ஓரம் உட்கார்ந்துவிட்டேன்.

சூடு இருந்தது பெரியவனுக்கு. சின்ன வயதில் அவனுக்கு மஞ்சள் காமாலை வந்தது. எங்கள் பக்கத்தில் காமாலைக்குச் சூடு வைப்பார்கள், இன்றைக்கும் சில இடங்களில் வைக்கிறார்கள். அம்மா வீட்டு மனிதர்கள் கணியம்பாடிப் பக்கம் ஒரு ஆளிடம் தூக்கிக்கொண்டு போனார்கள். நைனாவுக்குச் சம்மதம் இல்லை. சூட்டுத் தழும்பு இருக்கிற தோலைக் கழித்துக் கட்டுவதே அவர் வேலை. மாட்டுக்காரன்கூட இப்படிச் செய்தால் திட்டுவார். ஆனால் பிள்ளை வாடிக்கொண்டே போகிறான், வீட்டில் அத்தனை பேரும் அழுகிறார்கள், கடைசியில் அவனை மடியில் இறுக்கிப் பிடித்துக்கொண்டது அவர்தான். கம்பி பட்டபோது பெரியவன் அவர் தோளைக் கடித்துவிட்டானாம். வலது மேல்கையில் அந்தத் தழும்பு நீளமாக, வழவழப்பாக இருக்கும். நாங்கள் ஒன்றாகக் குளிக்கும்போது நான் அதைத் தடவிப் பார்ப்பேன். பைபாஸ் ரோட்டில் அடையாளம் காட்டச் சொன்னபோது நைனா அந்தக் கையைத்தான் காட்டச் சொன்னாராம்.

ஆக, இத்தனை மாதம் விசாரணை நடந்தது எனக்காக இல்லை. நான் என்னவோ, என்னை மறந்துவிட்டார், என்னைத் தேடுகிறார் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். மறந்தது என்னை, தேடியது பெரியவனை. அவன் இடத்தில் ஒருத்தன் வந்து உட்கார்ந்துகொண்டு சோறு தின்கிறான், அவன் யார் என்பதுதான் நைனாவின் கேள்வி. யோசித்துப் பார்த்தால் அது ஒன்றும் தவறான கேள்வியும் இல்லை.

"நான் சின்னவன் நைனா" என்றேன். அவர் மரியாதையாகத் தலையாட்டினார். கடையில் யாராவது வந்து தன் பெயரைச் சொன்னால் தலையாட்டுவோமே, அப்படி. பிறகு திரும்பிப் போய் நாற்காலியில் உட்கார்ந்தார். டிவியில் முகமூடிக்காரன் யாரையோ துரத்திக்கொண்டிருந்தான்.

அடுத்த முறை பாய் வந்தபோது நைனா அவரிடமும் விசாரித்தார். "பாய், எங்க பெரிய பையன் உங்க பக்கம் வந்தானா?" பாய்க்கு நிலைமை முழுதாகத் தெரியாது. "இன்னாப்பா பேசுற, அவன் போய் எவ்ளோ வருசம் ஆச்சு, நானுந்தானே தூக்கினேன்" என்று சொல்லிவிட்டார். நைனாவின் முகத்தை அப்போது பார்த்திருக்கக் கூடாது. அவருக்கு அது இப்போதுதான் நடந்தது. கீழே உட்கார்ந்து தலையில் அடித்துக்கொண்டு, குரல் உடைந்து அழுதார். அவன் செத்த அன்று நைனா இப்படி அழவில்லை, அன்றைக்கு அவர் கல்லாக நின்றார். பாய் அரண்டுபோய் அவரைக் கட்டிப் பிடித்துக்கொண்டு, அவரும் அழுதார். விளக்கு வைக்கும் நேரத்துக்கு எல்லாம் மறந்துவிட்டது. "பையன் இன்னும் வரல போல" என்று கேட்டைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் அந்த உண்மையை யாரும் சொல்வதில்லை. படங்களில் உண்மை தெரிந்துவிட்டால் படம் முடிந்துவிடும், பெயர்கள் ஓடும், எழுந்து போய்விடலாம். இங்கே அதைச் சொன்னால் ஒவ்வொரு முறையும் ஒரு பிள்ளை சாக வேண்டியிருக்கிறது.

ஒரு நாள் காலையில் டீ போடப் போனவன், கரண்டிக் காம்பை அடுப்பு நெருப்பில் காட்டிக்கொண்டு நின்றேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது. வலது சட்டைக் கை மடித்திருந்தது. மனைவி வந்து அடுப்பை அணைத்தாள். கரண்டியைப் பிடுங்கித் தொட்டியில் போட்டாள், அது சீறியது. அவள் என்னைத் திட்டுவாள் என்று நினைத்தேன். "அதையும் பண்ணிட்டா யாருன்னு சொல்வாரு?" என்றுதான் கேட்டாள். "பெரியவனேன்னு கட்டிப்புடிப்பாரு. அது போதுமா உங்களுக்கு?"

போதாது. எனக்கு அழக்கூட வரவில்லை. பால் பொங்கி வழிந்திருந்தது, அதைத் துடைத்தேன்.

என் மாமியார் சொல்லி நைனாவைச் சோளிங்கர் கோயிலுக்குக் கூட்டிக்கொண்டு போனோம். மனசு கலங்கினவர்களைக் குளத்தில் குளிப்பாட்டி மலைக்குக் கூட்டிப் போனால் தெளியும் என்று எங்கள் பக்கம் நம்பிக்கை. எனக்கு நம்பிக்கை இல்லை, ஆனால் கையில் வேறு ஒன்றும் இல்லை. குளத்தங்கரையில் தலை துவட்டிவிட்டுக்கொண்டிருக்கும்போது நைனா என் கையை உதறிவிட்டு, பூ விற்கிற அம்மாவிடம் போய் நின்றார். "எங்க பையன் ஒருத்தன், ஒசரமா இருப்பான், கையில சூடு இருக்கும், இந்தப் பக்கம் பாத்தீங்களா?" அந்த அம்மா பாவம், நிஜமாகவே யோசித்தாள். அங்கே பந்தோபஸ்துக்கு நின்ற கான்ஸ்டபிள் ஒருவர் என்ன ஏது என்று வந்தார். நைனா நிமிர்ந்து நின்று, என்னைக் காட்டிச் சொன்னார். "நீங்க தேட வேணாம் சார். இவரு தேடிக்குடுக்கறாரு. ரொம்ப நாளா இதே வேலையாத்தான் இருக்காரு. ராத்திரி பகல் நம்ம வீட்லயே இருந்து விசாரிக்கிறாரு."

கான்ஸ்டபிள் என்னைப் பார்த்தார். நான் தலையாட்டினேன்.

அன்று முதல் நான் துப்பறியும் ஆள். சந்தேகம் தீர்ந்ததில் நைனாவுக்கு நிம்மதி, முகத்தில் கொஞ்சம் சதைகூட வைத்தது. யாரோ ஒருத்தன் ஏன் வீட்டில் இருக்கிறான் என்பதற்குக் காரணம் கிடைத்துவிட்டது அல்லவா? மற்ற நாட்களில் குளிப்பாட்டவும் சோறு ஊட்டவும் விடுவார். சார் கஷ்டப்படுகிறாரே என்று என் மனைவியிடம் வருத்தப்படுவார். ஆனால் ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் நான் அவரிடம் தகவல் சொல்ல வேண்டும். அதற்கு உள்ளறையிலிருந்து வந்தால் செல்லாது. துப்பறிகிறவன் வெளியிலிருந்து வர வேண்டும். ஆகவே நான் பேண்ட் சட்டை போட்டு, ஷூ மாட்டிக்கொண்டு, பின்வாசல் வழியாகப் போய், சந்து வழியாகச் சுற்றிக்கொண்டு, கேட்டைத் தட்டி, முன்வாசல் வழியாக வருவேன். அக்கம்பக்கத்தவர் முதலில் சிரித்தார்கள். இப்போது யாரும் பார்ப்பதுகூட இல்லை.

"உக்காருங்க சார். சாருக்கு டீ குடும்மா. எதாவது தெரிஞ்சுதா?"

"தேடிக்கினுதான் இருக்கேன். கொஞ்சம் தகவல் வேணும்."

அப்படித்தான் கேட்கத் தொடங்கினேன். பையன் எப்படி இருப்பான், என்ன சாப்பிடுவான், யாரோடு பழகுவான். நைனா சொல்லச் சொல்ல எனக்குத் தெரியாத அண்ணன் ஒருவன் வந்துகொண்டே இருந்தான். அவன் நைனாவோடு வேலூர் லாங் பஜாருக்குப் போய் அங்கே ஒரு கைவண்டியில் ஏறி உட்கார்ந்துகொண்டு இறங்க மாட்டேன் என்றானாம். டேனரிக்கு வந்தால் மூக்கைப் பிடித்துக்கொள்வானாம், நைனா மேல் கோபம் வந்தால் மட்டும் பிடிக்காமல் முறைப்பானாம். சினிமாவுக்குப் போனால் இடைவேளைக்குள் யார் கொலைகாரன் என்று காதில் சொல்லிவிடுவானாம். அதைச் சொல்லும்போது நைனா சிரித்தார். "அவன்தான் சார் எனக்குச் சொல்லிக்குடுத்தான், யாரையும் திருப்பிப் பாக்கணும்னு." நான் அதுவரை தோல் மேஜையிலிருந்து வந்தது என்று நினைத்திருந்தேன். என்னோடு சேர்ந்து பார்த்த படங்களையெல்லாம் அவர் யாரோடு பார்த்தார் என்று அப்போதுதான் எனக்குப் புரிந்தது. டீ ஆறிப் போயிருந்தது. குடித்தேன்.

நான் வீம்புக்காரன், இதோடு விட்டிருக்கலாம். பல ஞாயிறுகள் அந்தக் கேள்வி தொண்டை வரை வந்து திரும்பிப் போனது. போன வாரம் கேட்டுவிட்டேன். துப்பறிகிறவன் கேட்பதுபோலத்தான், குரலை மாற்றாமல், கீழே பார்த்துக்கொண்டு கேட்டேன்.

"உங்களுக்கு வேற புள்ளைங்க இருக்காங்களா?"

நைனா நெற்றியைச் சுருக்கிக்கொண்டு கேட்டைப் பார்த்தார். சமையலறையில் பாத்திரச் சத்தம் நின்றது, மனைவி கதவோரம் வந்துவிட்டாள் என்று எனக்குத் தெரிந்தது. அவர் உதடு எதையோ தேடியது.

"இருக்கான்" என்றார். "சின்னவன் ஒருத்தன் இருக்கான்."

நான் கைகளைக் கோத்துக்கொண்டேன். முட்டிக்கு நடுவில் வைத்து அழுத்திக்கொண்டேன். "அவன் எங்க இருக்கான்? அவனையும் தேடணுமா?"

நைனா என்னைப் பார்த்துச் சிரித்தார். என்ன இது, இவ்வளவு படித்தவர் இப்படிக் கேட்கிறாரே என்கிற மாதிரி, அன்பாகத்தான் சிரித்தார்.

"அவன எதுக்கு சார் தேடணும்? அவன் எங்கயும் போக மாட்டான். வீட்லதான் இருப்பான்." பிறகு எழுந்து, என் முழங்கையைப் பிடித்து என்னையும் எழுப்பினார். "நேரமாவுது. நீங்க போய்ப் பெரியவனத் தேடுங்க. போகும்போது கேட்ட சாத்திக்குனு போங்க."

நான் ஷூவை மாட்டிக்கொண்டு வெளியே வந்து கேட்டைச் சாத்தினேன். அவர் உள்ளிருந்து தாழ்ப்பாளைப் போட்டார்.